பெயர்ப் பட்டியலோடு வா

அன்புத் தங்கச்சிக்கு,

அந்தமான் ரங்கத்திலிருந்து நீ அனுப்பிய கிண்டில் புத்தகக் கணக்கைப் பார்த்தேன். ஒரு பிரதி நூறு ரூபாய், அதில் எழுபது சதவீதம் உனக்கு, மாதம் ஆயிரம் பிரதி, ஆக மாதம் எழுபதாயிரம் ரூபாய். பெருக்கலில் ஒரு பிழையும் இல்லை, கணக்கு வாத்தியார் முழு மதிப்பெண் போட்டிருப்பார். ஆனால் அந்த ஆயிரம் பேர் யாரடி? அவர்களில் ஐம்பது பேரையாவது உன்னால் பெயர் சொல்லிக் கூப்பிட முடியுமா?

முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளாதே. இந்தக் கணக்கை உன்னைவிடப் பெரியவர்கள் போட்டிருக்கிறார்கள். 1920இல் பாரதி கடையத்திலிருந்து ஒரு சுற்றுக்கடிதம் அனுப்பினார். தன் எழுத்தையெல்லாம் நாற்பது பகுதிகளாக, பகுதிக்குப் பத்தாயிரம் பிரதி அச்சிட வேண்டும் என்பது திட்டம். தீப்பெட்டியும் மண்ணெண்ணெயும் போல வீட்டுக்கு வீடு விற்றுப் போகும் என்று முழுசாக நம்பினார். பணம் திரளவில்லை. மறு ஆண்டு செப்டம்பரில் அவரே போய்விட்டார். தன் எழுத்தின் மதிப்பை அவர் கூட்டிச் சொல்லவே இல்லை, 1949இல் சென்னை அரசாங்கமே உரிமையைப் பெற்றது, பின்னர் அதைப் பொதுவாக்கியது. அவருடைய கணக்கில் இல்லாதது ஒன்றுதான்: முதல் பகுதியை முதல் மாதம் காசு கொடுத்து வாங்கப்போகிறவர்கள் யார் யார் என்ற விவரம்.

இன்னொருவரைப் பார். கையில் பணமில்லாமல்தான் உ.வே.சாமிநாதையரும் சீவக சிந்தாமணியை அச்சிட இறங்கினார். ஆனால் அவர் முதலில் கையொப்பம் வாங்கினார். புத்தகம் வந்தால் வாங்கிக்கொள்கிறோம் என்று பெரியவர்களும் அன்பர்களும் பெயர் போட்டுக் கொடுத்தார்கள், 1887இல் பதிப்பு வந்தது. அச்சு முடியும் முன்பே வாசகர் இன்னார் இன்னார் என்று அவருக்குத் தெரியும். கிண்டிலில் புத்தகம் போடப்போகிற உனக்கும் அதைத்தான் சொல்கிறேன். பிரதி எண்ணிக்கையை விட்டுவிட்டு ஒரு நோட்டை எடுத்துப் பெயர் எழுது.

"நம்ம ஜனங்க எல்லாரும் வாங்குவாங்கக்கா" என்று எழுதியிருக்கிறாய். அந்தமான் நிக்கோபார் தீவுகள் முழுவதையும் சேர்த்தே 2011 கணக்கெடுப்பில் 3.8 லட்சம் பேர். தமிழ் பேசுகிறவர்கள் அதில் ஆறேழு பேருக்கு ஒருவர். அதிலிருந்து குழந்தைகளைக் கழி, தமிழ் பேசுவார்கள் ஆனால் இந்தியில்தான் படிப்பார்கள் என்கிற பிள்ளைகளைக் கழி, "புத்தகம்னா சும்மா குடும்மா" என்கிற சொந்தக்காரர்களைக் கழி. மிச்சத்தை நம்பிக் கடனை வாங்கிவிடாதே.

உன் புத்தகத்தின் வாசகர்கள் பெரும்பாலும் தீவுக்கு வெளியேதான் இருக்கிறார்கள். நீ எழுதியிருப்பது நிக்கோபாரின் கச்சால் தீவைப் பற்றி. 1964 சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கைத் தோட்டங்களை விட்டு வந்து, கடைசியில் கச்சாலில் ரப்பர் பால் வெட்டிய குடும்பங்களின் கதை அது. அதே ஒப்பந்தத்தில் திரும்பியவர்களுக்காகத்தான் 1968இல் நீலகிரியில் அரசு தேயிலைத் தோட்டம், இன்றைய டான்டீ, தொடங்கியது. கூடலூரிலும் கோத்தகிரியிலும் இருக்கிற அந்தக் குடும்பங்களின் படித்த பேரப்பிள்ளைகள் உன் வாசகர்கள். ஹட்டனிலும் நுவரெலியாவிலும் இருக்கிற மலையக வாசகர்கள் உன் வாசகர்கள். 2004 சுனாமிக்குப் பிறகு கச்சாலை விட்டுப் போனவர்கள் உன் வாசகர்கள். கச்சாலுக்குச் சுற்றுலா போக முடியாது, அது பழங்குடிக் காப்புப் பகுதி. புத்தாயிரத்தின் முதல் சூரிய உதயம் என்று 2000 ஜனவரி 1ஆம் தேதியையொட்டி அந்தப் பெயர் உலகப் பத்திரிகைகளில் அடிபட்டது. அதற்கப்புறம் சுனாமிச் செய்தியில் வந்தது. அங்கே வாழ்ந்த தமிழரின் அன்றாடத்தை எழுத நீ உட்கார்ந்திருக்கிறாய். இந்தப் புத்தகம் விற்க வேண்டும், உனக்குப் பணம் வர வேண்டும் என்பதில் எனக்கு உன்னைவிட ஆசை அதிகம். அதனால்தான் இவ்வளவு கடுமையாகக் கணக்குக் கேட்கிறேன்.

சரி, இருநூறு பெயர் சேர்த்துவிட்டாய் என்று வைத்துக்கொள்வோம். "கண்டிப்பா வாங்குவேன்" என்கிறவர்களில் பாதியை உடனே அடித்துவிடு. மீதியிலும் பாதியை அடி. "கிண்டில் கருவி இல்லையே" என்பார்கள். போனில் செயலி இருந்தால் போதும் என்று நீ சொல்லிக்கொடுக்க வேண்டும், அதற்குள் அந்தப் பாதி நழுவிவிடும். ஐம்பது பேர் நிற்பார்கள். முதல் மூன்று மாதத்துக்கு உன் மதிப்பீடு ஐம்பது பிரதி. அதற்குமேல் வந்தால் சந்தோஷம்.

ஐம்பது பிரதிக்கு எவ்வளவு? இங்கேதான் உன் எழுபது சதவீதத்தைப் பற்றிப் பேச வேண்டும். அமேசான் நூறு ரூபாயில் எழுபதை அப்படியே எடுத்து நீட்டுவதில்லை. எழுபது சதவீதத் திட்டத்தில், கோப்பை வாசகருக்கு அனுப்பும் செலவு என்று இந்தியக் கடையில் ஒரு எம்பிக்கு 7 ரூபாய் முதலில் கழித்துவிட்டு மிச்சத்தில்தான் எழுபது தருவார்கள். உன் கோப்பு 2 எம்பி என்றால் 14 ரூபாய் போக 86, அதில் எழுபது சதவீதம் 60 ரூபாய் 20 காசு. ஐம்பது பேருக்கு ஏறத்தாழ மூவாயிரம்.

இப்போது உன் படங்களுக்கு வருகிறேன். தாத்தாவின் பழைய போட்டோக்கள், ரப்பர் தோட்டம், கப்பல்துறை, கடற்கரை என்று நாற்பது படம் செருகியிருக்கிறாய். எல்லாம் போனில் எடுத்த முழு அளவுப் படங்கள். கோப்பு 12 எம்பிக்குப் போனால் கழிவு 84 ரூபாய். மிச்சம் 16. அதில் எழுபது சதவீதம் 11 ரூபாய் 20 காசு! அதே புத்தகத்தை முப்பத்தைந்து சதவீதத் திட்டத்தில் போட்டால் அனுப்பும் செலவே கிடையாது, முழுசாக 35 ரூபாய் வரும். நூறு ரூபாய் விலைக்கு, கோப்பு ஏழு எம்பியைக் கொஞ்சம் தாண்டியதுமே எழுபதைவிட முப்பத்தைந்துதான் லாபம். கோப்பு பெரிதாகப் பெரிதாக, வைக்க வேண்டிய குறைந்தபட்ச விலையும் ஏறும் என்பதையும் மறக்காதே. படங்களைச் சுருக்கு, கதைக்கு வேண்டிய பத்தை மட்டும் வை. விலை போடும் பக்கத்திலேயே கழிவு எவ்வளவு, உன் பங்கு எவ்வளவு என்று இரண்டும் தெரியும். அந்தப் பக்கத்தைப் படிக்காமல் 'சரி சரி' என்று அழுத்திக்கொண்டே போகிறவள் நீ, எனக்குத் தெரியும். அங்கே மட்டும் நின்று படி.

இன்னொரு நிபந்தனை இருக்கிறது. இந்தியாவில் விற்கும் பிரதிக்கு எழுபது வேண்டுமென்றால் புத்தகத்தை அமேசானின் கேடிபி செலக்ட் திட்டத்தில் சேர்க்க வேண்டும். சேர்த்தால் தொண்ணூறு நாளைக்கு அதன் மின்வடிவம் வேறெங்கும் இருக்கக் கூடாது. மாதிரிக்குப் பத்து சதவீதம் காட்டலாம், அவ்வளவுதான். அச்சுப் புத்தகத்துக்கு இந்தத் தடை இல்லை. நீ என்ன செய்து வைத்திருக்கிறாய்? முழுப் புத்தகத்தையும் பிடிஎஃப் ஆக்கி வாட்ஸ்அப் குழுவில் போட்டு, "படிச்சிட்டுச் சொல்லுங்க" என்று கேட்டிருக்கிறாய். தலையில் அடித்துக்கொண்டேன். இலவசமாகக் கொடுப்பதும் அந்த நிபந்தனையை மீறுவதுதான். அதோடு, உன் இருநூறு பெயரில் எத்தனை பேர் அந்தக் குழுவில் இருக்கிறார்கள்? அவர்கள் கையில் புத்தகம் ஏற்கெனவே இருக்கிறதே. இன்றைக்கே அதை அழிக்கச் சொல். இலவசமாகத்தான் ஊருக்குக் கொடுக்கப் போகிறேன் என்று முடிவு செய்தால் அதுவும் நல்ல காரியமே. 1998இல் தொடங்கிய மதுரைத் திட்டமும், அதற்குப் பின் வந்த ஃப்ரீதமிழ்ஈபுக்ஸும் அப்படித்தான் தமிழுக்கு எத்தனையோ நூல்களைத் தந்தன. ஆனால் இரண்டு தோணியிலும் கால் வைக்காதே.

செலக்டில் சேர்ந்தால் கிண்டில் அன்லிமிடெட் சந்தாதாரர்களும் உன் புத்தகத்தை எடுப்பார்கள். அங்கே பிரதிக்குக் காசு இல்லை, படித்த பக்கத்துக்குத்தான் காசு. 2015 ஜூலையிலிருந்து அப்படித்தான். பக்கத்துக்கு எவ்வளவு என்பது மாதாமாதம் மாறும், இந்தியாவில் அது பைசாக் கணக்கு. எடுத்துக்காட்டுக்குப் பத்துப் பைசா என்று வைத்துக்கொள். இருநூறு பக்கத்தையும் ஒருவர் படித்து முடித்தால் இருபது ரூபாய். முப்பதாம் பக்கத்தில் தூக்கம் வந்து மூடிவிட்டால் மூன்று ரூபாய். "எடுத்தாங்களே, படிக்கலைன்னா நான் என்ன செய்ய?" என்று கேட்பாய். முதல் முப்பது பக்கத்தை ஒழுங்காக எழுது, அதுதான் செய்ய வேண்டியது.

இதைச் சொல்லும்போது உன் முதல் முப்பது பக்கத்தைத் திறந்து பார்த்தேன். சங்கத் தலைவரின் வாழ்த்துரை. ஓய்வுபெற்ற தலைமையாசிரியரின் அணிந்துரை. உன் சித்தப்பாவின் ஆசியுரை. பிறகு என்னுரை. பிறகு நன்றியுரை, அதில் கப்பலில் சீட்டு வாங்கித் தந்தவர் வரைக்கும் பெயர் இருக்கிறது. கதை தொடங்குவதற்குள் புத்தகத்தில் பத்தில் ஒரு பங்கு முடிந்துவிடுகிறது. கடையில் வாங்குமுன் இலவசமாகப் படித்துப் பார்க்க வைப்பது புத்தகத்தின் தொடக்கத்தைத்தான். கோத்தகிரியில் ஒரு பெண் மாதிரியைத் திறக்கிறாள். கச்சாலும் இல்லை, ரப்பரும் இல்லை, உன் சித்தப்பா மட்டும் ஆசீர்வதிக்கிறார். அவள் மூடிவிட்டுப் போய்விடுவாள். அச்சுப் புத்தகத்தில் இந்த மரியாதைகளை முன்னால் வைப்பது நம் வழக்கம், கடையில் புரட்டுகிறவர் தாண்டிப் போய்விடுவார். மின்புத்தகத்தில் தாண்ட வழியில்லை, மாதிரியே அதோடு முடிந்துவிடும். எல்லா உரைகளையும் கடைசிக்கு அனுப்பு. சித்தப்பா வருத்தப்பட்டால் என் பெயரைச் சொல். பாட்டி முதல் நாள் விடியலில் நெற்றி விளக்கோடு மரத்தடிக்குப் போகும் அத்தியாயம்தான் முதல் பக்கத்தில் வர வேண்டும். நீ எழுதியதிலேயே அதுதான் உயிருள்ளது. அதை நான்காம் அத்தியாயத்தில் ஒளித்து வைத்திருக்கிறாய்.

எழுத்துரு இன்னொரு தலைவலி. நீ பாமினியில் தட்டச்சு செய்திருக்கிறாய். கிண்டிலில் அது வெறும் கிறுக்கலாகத் தெரியும். யூனிகோடுக்கு மாற்று. மாற்றியபின் ஒருமுறை முழுசாகப் படி, மாற்றிகள் ஒற்றெழுத்தையும் கொம்பையும் சில இடங்களில் கெடுத்துவிடும்.

விலையைப் பற்றி ஒரு வார்த்தை. "அமெரிக்காவிலும் நூறு ரூபாய்க்கே போட்டால் நிறைய விற்குமே" என்கிறாய். அமெரிக்கக் கடையில் எழுபது சதவீதம் வேண்டுமானால் விலை 2.99 முதல் 9.99 டாலருக்குள் இருக்க வேண்டும். 2.99 வைத்தால், 2 எம்பி கோப்புக்கு 30 சென்ட் கழிவு போக உனக்கு 1.88 டாலர். இங்கே இரண்டு பேர் வாங்குவதைவிட அங்கே ஒருவர் வாங்குவது அதிகம். நியூஜெர்சியில் இருக்கும் உன் வாசகருக்கு மூன்று டாலர் ஒரு காப்பிக் காசுகூட இல்லை. பாட்டியின் கதையை அவருக்கு மலிவாகக் கொடுத்தால்தான் படிப்பார் என்று நினைக்காதே. எல்லா நாட்டு விற்பனைக்கும் எழுபது கிடைக்காது, சில நாடுகளுக்கு முப்பத்தைந்துதான். இலங்கை வாசகரைக் கணக்கில் எழுதும்போது குறைவான எண்ணைப் போட்டுக்கொள்.

தேடுசொல்லுக்கு ஏழு கட்டம் தருவார்கள். 'நாவல்', 'தமிழ்', 'சிறந்த புத்தகம்' என்று நிரப்பாதே. கச்சால், நிக்கோபார், மலையகம், தாயகம் திரும்பியோர், சுனாமி 2004 என்று வாசகர் தட்டக்கூடியதை எழுது. 2024 செப்டம்பரில் போர்ட் பிளேர் ஸ்ரீ விஜயபுரம் ஆகிவிட்டது. தேடுகிறவர் பழைய பெயரைத்தான் தட்டுவார், இரண்டையும் போடு. ஆங்கில எழுத்தில் தமிழைத் தட்டுகிறவர்களும் நிறைய, அவர்களுக்கும் ஒரு கட்டம் ஒதுக்கு.

அட்டையைப் பற்றி நீ எழுதியதைப் பார்த்தபோது எனக்கு உண்மையாகவே கோபம் வந்தது. ஜாரவாப் பழங்குடி மக்களின் படத்தைப் போடலாமா என்று கேட்டிருக்கிறாய். கூடாது. அந்தமான் டிரங்க் ரோட்டில் அவர்கள் காட்டு வழியே பஸ்ஸில் போய் வருகிறவள், வண்டியை நிறுத்தக்கூடாது, படம் எடுக்கக்கூடாது என்ற பலகைகளைப் படித்திருப்பாய். 1956ஆம் ஆண்டின் பழங்குடிப் பாதுகாப்பு ஒழுங்குமுறையில் அது குற்றம். சட்டம் இல்லாவிட்டாலும் கூடாது. உன் கதையில் அவர்கள் இல்லவே இல்லை, விற்பனைக்காக மட்டும் அவர்கள் முகத்தை ஏன் எடுக்கிறாய்? ஒரு ரப்பர் மரம், அதில் கட்டிய சிரட்டை. அது போதும்.

புத்தகம் வந்ததும் அண்ணன், அத்தை மகன், மச்சினிச்சி எல்லாரையும் ஐந்து நட்சத்திரம் போடச் சொல்லாதே. குடும்பத்தாரும் நெருங்கிய நண்பர்களும் மதிப்புரை எழுதுவதை அமேசான் அனுமதிப்பதில்லை, கண்டுபிடித்தால் தூக்கிவிடுவார்கள். முன்பின் தெரியாத ஒருவர் மூன்று நட்சத்திரம் போட்டு நான்கு வரி எழுதினால் அதற்கு நன்றி சொல்.

தொண்ணூறு நாளில் ஐந்து நாள் இலவசமாகக் கொடுக்கலாம் என்று ஒரு வசதி உண்டு. அந்த ஐந்து நாளில் எண்ணூறு பேர் இறக்கிக்கொண்டார்கள் என்றால் உடனே எண்ணூறை அறுபதால் பெருக்காதே. இலவசத்துக்கு ராயல்டி பூஜ்யம். இறக்கியவர்களில் பலர் திறக்கவும் மாட்டார்கள். இந்த வசதியை இப்போது தொடாமல், இரண்டாவது புத்தகம் வரும் வாரத்தில் பயன்படுத்து. முதலாவதை இலவசமாகப் படித்து முடித்தவர், கடைசிப் பக்கத்தில் இரண்டாவதின் இணைப்பைப் பார்த்து வாங்குவார். ராயல்டி பெருகும் வழி என்று நீ கேட்டாயே, எனக்குத் தெரிந்து பெரிய வழி இதுதான். ஒற்றைப் புத்தகத்தை மாதக்கணக்கில் தள்ளிக்கொண்டிருப்பதைவிட, அதைப் படித்து முடித்தவருக்கு அடுத்ததைக் கொடுப்பது. கச்சாலுக்குப் பிறகு நீங்கள் ரங்கத்துக்கு வந்து குடியேறிய கதை இருக்கிறதல்லவா, அதைத் தொடங்கு. "முதல் புத்தகம் எப்படிப் போகுதுன்னு பார்த்துட்டு எழுதறேன்" என்று சொல்லாதே. தினம் பத்து முறை விற்பனைப் பக்கத்தைத் திறந்து பார்க்கிற நேரத்தில் ஒரு பக்கம் எழுதலாம்.

இணையம் இல்லை என்ற சாக்கும் இனி செல்லாது. 2020 ஆகஸ்டில் சென்னையிலிருந்து கடலடிக் கம்பிவடம் வந்து, போர்ட் பிளேரோடு ரங்கத்துக்கும் இணைப்புக் கிடைத்தது. செயற்கைக்கோளை நம்பி ஒரு படம் ஏற்ற அரை நாள் காத்திருந்த காலத்தை நீயும் பார்த்தவள்தானே. அச்சில்தான் போடுவேன் என்றால் தடுக்கமாட்டேன். தமிழில் பதிப்பாளர் தருவது பத்து சதவீதம் என்பதுதான் வழக்கம். பெட்டிகள் சென்னையிலிருந்து கப்பலேறி வர வேண்டும், கட்டுக்கூலியும் சரக்குக் கூலியும் உன் தலையில் விழும். மின்புத்தகம் கொஞ்சம் ஓடியபின், பட்டியல் தடித்தபின் அதைப் பற்றிப் பேசலாம்.

பணம் எப்போது வரும் என்றாய். ஜனவரியில் விற்றதற்கு மார்ச் கடைசிவாக்கில். மாதம் முடிந்து ஏறத்தாழ அறுபது நாள். பொங்கலுக்கு விற்றதை வைத்துப் பொங்கல் புடவை எடுக்க முடியாது. அமெரிக்க விற்பனைக்கு அங்கே வரி பிடிப்பார்கள். தொடக்கத்தில் வரும் வரிப் படிவத்தில் பான் எண்ணைக் கொடுத்து இந்தியா–அமெரிக்கா ஒப்பந்தச் சலுகையைக் கேட்டால் 15 சதவீதம், கேட்காவிட்டால் 30. அந்தப் படிவத்தையும் 'சரி சரி' என்று தாண்டாதே. இங்கே வருமான வரியில், பழைய முறையைத் தேர்ந்தவர்களுக்கு, இலக்கிய நூல் ராயல்டிக்கு ஆண்டில் 3 லட்சம் வரை கழிவு உண்டு. 1961 சட்டத்தில் 80கியூகியூபி பிரிவு. ஆனால் விற்ற நூலின் மதிப்பில் 15 சதவீதம் வரையுள்ள ராயல்டிதான் அந்தக் கழிவுக்குள் வரும், உன் அறுபது ரூபாய் முழுசும் வராது. பள்ளி மாணவர்களுக்கான கையேடுகளுக்கு இது கிடையாது. இப்போது சட்டம் புதிதாகிவிட்டதால் எண்ணையும் நிபந்தனையையும் ஆடிட்டரிடம் ஒருமுறை கேட்டுக்கொள். பான் அட்டையிலும் வங்கிக் கணக்கிலும் உன் பெயர் ஒரே எழுத்தில் இருக்கிறதா பார். கல்யாணத்துக்குப் பிறகு ஒன்றில் அப்பா பெயரும் மற்றதில் அவர் பெயரும் இருந்தால் முதலில் அதைச் சரிசெய்.

அடுத்த கடிதத்தில் எழுபதாயிரத்தை எழுதாதே. இருநூறு பெயர், ஊர், அவர்களுக்கு உன்னை எப்படித் தெரியும் என்ற விவரம், இவை மட்டும் வரட்டும். கூடவே சுருக்கிய படங்களோடு கோப்பின் எடையையும் எழுது. விலையை இரண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்து போடுவோம்.

அன்புடன்,
அக்கா